பைகளுக்குக் காவல்

அரியலூரில் சுண்ணாம்புக்கல் தோண்டினால் கடற்சிப்பிகள் கல்லாகக் கிடைக்கும். பல கோடி ஆண்டுகளுக்கு முன் எங்கள் ஊர் கடலுக்கடியில் இருந்தது. ஆனால் கடலை நான் முதன்முதலில் பார்த்தது 1987இல், பள்ளிச் சுற்றுலாவில், மெரினாவில்தான்.

கலங்கரை விளக்கத்தில் பையன்கள் மட்டும் ஏறினார்கள். “மேலே காத்து அடிக்கும், தாவணியோட வேணாம். பையெல்லாம் பாத்துக்குங்க” என்றார் ஆசிரியர். உள்ளே லிஃப்ட் இருந்தது.

சென்னையின் முதல் விளக்கு 1796இல் கோட்டையில் எண்ணெயில் எரிந்தது. 1844இல், இன்றைய உயர்நீதிமன்ற வளாகத்தில் இப்போதும் நிற்கும் தூணுக்கு மாறியது, 1894இல் நீதிமன்றக் கோபுரத்துக்கு, 1977இல் மெரினாவுக்கு. விளக்கு மூன்று முறை இடம் மாறிவிட்டது. நாங்கள் நின்ற இடம்தான் மாறவில்லை.

பாதுகாப்பு காரணமாக மூடியிருந்த விளக்கத்தை 2013 நவம்பரில் மக்களுக்குத் திறந்தார்கள். அம்மாவை அழைத்துப் போனேன். சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் கல் சுமந்தவள். ஒன்பதாம் மாடியில் வெகுநேரம் பேசாமல் நின்றாள். பிறகு, “இம்மாங் கடலு நம்ம ஊர்லயா கெடந்துச்சு?” என்றாள்.

இறங்கி வந்தபோது வாசலில் ஒரு பெண் நான்கு பைகளோடு நின்றிருந்தாள். அம்மாதான் முதலில் கை நீட்டினாள்: “குடு தாயி, நான் பாத்துக்குறேன். நீ போயி ஏறிட்டு வா.”