சிரித்த கடன்

கிளாஸ்கோ ஸ்டேஷனில் 'பிளாக்பர்ன்' என்று டிக்கெட் கேட்டுவிடாதீர்கள். இங்கிலாந்தில் கால்பந்துக்குப் பேர்போன ஒரு பிளாக்பர்ன் இருக்கிறது. அசந்தால் அங்கே அனுப்பிவிடுவார்கள். நான் போகவேண்டியது ஸ்காட்லாந்து பிளாக்பர்ன். அதற்கு ரயிலே கிடையாது. பாத்கேட் வரை ரயில், அப்புறம் பஸ்.

ஸ்காட்லாந்து வந்தவன் கோட்டை, ஏரி என்று பார்க்காமல் இங்கே என்ன வேலை? ஒரு பழைய கடன் ஸார்.

2009 ஏப்ரல். நான் பி.காம். மாணவன். பிரவுசிங் சென்டரில் ஒரே மானிட்டர் முன்னால் நாலு தலைகள். 'பிரிட்டன்ஸ் காட் டேலன்ட்' வீடியோ. மேடையில் ஒரு அம்மா. வயது 47. கலைந்த தலை. வேலை இல்லை, கல்யாணம் ஆகவில்லை, துணைக்கு ஒரு பூனை. எலெய்ன் பெய்ஜ் மாதிரி பாடகியாக வேண்டும் என்கிறார். (சுசீலாம்மா மாதிரி வரணும் என்று நம்மூரில் ஒருத்தர் சொன்னால் எப்படி? அப்படி!) கூட்டம் நமுட்டுச் சிரிப்பு சிரித்தது. நாங்களும் சிரித்தோம். என் சிரிப்பில் சத்தம் கொஞ்சம் ஜாஸ்தி.

ஸூஸன் பாய்ல் பாட ஆரம்பித்தார். 'லே மிஸரப்ள்' இசை நாடகத்திலிருந்து, கனவு கலைந்துபோன ஒருத்தியின் பாட்டு. சில விநாடிகளில் அரங்கம் எழுந்து நின்றது. நாங்கள் நாலு பேரும் வாயை மூட மறந்தோம். ஆனால் நான் சிரித்தது சிரித்ததுதானே? அது உள்ளே எங்கேயோ உறுத்திக்கொண்டே இருந்தது.

அந்த அரங்கத்தைத்தான் காலையில் பார்த்துவிட்டு வந்தேன். கிளைட் நதிக்கரையில், 1997-ல் திறந்தது. 3,000 பேர் உட்காரலாம். ஓடு போர்த்திய 'ஆர்மடில்லோ' என்கிற பிராணியின் பெயரைச் செல்லப்பெயராக வைத்திருக்கிறார்கள். எனக்கென்னவோ முறங்களை அடுக்கிவைத்த மாதிரி தெரிந்தது.

பிளாக்பர்னில் அந்த ஜொலிப்பெல்லாம் கிடையாது. சாம்பல் நிற வானம். ஒரே அச்சில் வார்த்த மாதிரி வீடுகள். பக்கத்து பாத்கேட்டில் 1961-ல் வந்த லாரி ஃபாக்டரியை நம்பி வளர்ந்த ஊர். ஸூஸன் பிறந்ததும் அதே 1961-ல்தான். 1986-ல் ஃபாக்டரியை மூடிவிட்டார்கள்.

லூர்து மாதா சர்ச் வாசலில் நின்றேன். ஸூஸன் பாடி வளர்ந்த இடம். பள்ளிக்கூடத்தில் பட்டப்பெயர் வைத்துக் கேலி செய்திருக்கிறார்கள். சின்ன வயதில் டாக்டர்கள் 'மூளையில் பாதிப்பு' என்று ஒரு லேபிள் ஒட்டிவிட்டார்கள். அது தவறு, தனக்கிருப்பது ஆஸ்பெர்கர்ஸ் என்று அவர் வெளியே சொன்னது 2013-ல்.

1999-லேயே தர்ம காரியத்துக்காக வந்த ஒரு சி.டி.யில் பாடியிருக்கிறார். போட்டது 1,000 காப்பி. பத்து வருஷம் கழித்து, 2009 நவம்பரில் அவர் ஆல்பம் அமெரிக்காவில் மட்டும் முதல் வாரத்தில் 7 லட்சம் விற்றது! போட்டியில் கிடைத்தது என்னவோ இரண்டாம் பரிசுதான். ஆனால் அந்த டிசம்பரில் எலெய்ன் பெய்ஜோடேயே சேர்ந்து டி.வி.யில் பாடிவிட்டார். பணம் வந்ததும் அம்மாவோடு வாழ்ந்த அரசாங்க வீட்டையே விலைக்கு வாங்கினார்.

என் பி.காம். மூளை கணக்குப் போட்டது. சரக்கு பழைய சரக்குதான். வருஷக்கணக்காக ஸ்டாக்கில் இருந்தது. மதிப்பு பூஜ்யம் என்று எழுதிவைத்தது மட்டும் நாம்.

பஸ் ஸ்டாப்பில் ஒரு பெரியவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"ஸூஸன் வீட்டைத் தேடி வந்தீங்களா தம்பி?"

"வீடெல்லாம் வேண்டாங்க. ஊரைப் பார்க்கலாம்னுதான்..."

"டி.வி.யில பார்த்தப்போ சிரிச்சீங்களா?"

பொய் சொல்லத் தோன்றவில்லை. "சிரிச்சேங்க."

"எல்லாரும் சிரிச்சாங்க. இந்த ஊர்லயும் சிரிச்சவங்க உண்டு. பாட்டு வந்தப்புறம்தான் அடங்கினாங்க." கொஞ்ச நேரம் ரோட்டையே பார்த்தவர், சட்டென்று, "நீங்க பாடுவீங்களா?" என்றார்.

"பாத்ரூம்ல மட்டும்."

"பாடுங்களேன், பஸ் வர இன்னும் பத்து நிமிஷம் ஆகும்."

வசமாக மாட்டினேன். பக்கத்தில் இரண்டு பெண்கள், சைக்கிளோடு ஒரு பையன். இந்த மூஞ்சிக்குப் பாட்டு ஒரு கேடா என்று நினைப்பார்களோ? கைகால் உதறியது. அந்த மேடைக்கு நடந்து வந்தபோது அந்த அம்மாவுக்கு எப்படி இருந்திருக்கும் என்று அப்போதுதான் உறைத்தது. 3,000 பேர் ஸார்!

கண்ணை மூடிக்கொண்டு ஓர் இளையராஜா பல்லவி எடுத்துவிட்டேன். சுருதி கிளாஸ்கோவிலேயே இறங்கிவிட்டது போலிருக்கிறது. ஆனாலும் முடிக்கிற வரை யாரும் சிரிக்கவில்லை. பெரியவர் தலையை ஆட்டிக் கேட்டார்.

பஸ் வந்தது. ஏறும்போது தோளில் தட்டிக் கேட்டார்:

"ஆமா, நீங்க எந்த ஆபீஸ்ல வேலை பார்க்கறீங்க?"

"ஆபீஸ் இல்லீங்க. பத்திரிகைக்கு எழுதறேன்."

"ரொம்ப நல்லது. அதையே பண்ணுங்க!"