கண்ணால் கண்டது

வாத்தியார் உத்தியோகத்தில் இருபது வருஷம் கழித்தவர்களுக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. எதற்கும் ஓர் அத்தாட்சியைக் காட்டிவிட்டால் பாடம் முடிந்தது என்று நினைத்து விடுகிறோம்.

இரண்டாவது உலக யுத்தத்தைப் பற்றிப் பாடம் நடத்துகையில், வார்ஸா நகரில் யூதர்களை மதில் எழுப்பி அடைத்து வைத்திருந்த பகுதியின் பழைய சலனப் படத்தில் சிறிது வகுப்பில் காட்டினோம். நடைபாதையில் பிணங்கள் கிடந்தன. எலும்பும் தோலுமான குழந்தைகள் கையேந்தி நின்றார்கள். அடுத்த காட்சியில், நன்றாக உடுத்திய சில யூதர்கள் ஹோட்டலில் அமர்ந்து வயிறாரச் சாப்பிட்டார்கள்.

கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பையன் எழுந்தான். "ஸார், சொந்த ஜனங்கள் பட்டினியால் சாகும்போது இவர்களுக்குச் சோறு எப்படி இறங்கிற்று?" என்றான்.

"பணக்காரர்கள் எங்கும் அப்படித்தான், தம்பி!" என்று பெரிய ஞானியைப் போல் பதில் சொன்னோம்.

பிற்பாடுதான், யாயெல் ஹெர்ஸோன்ஸ்கி என்னும் இஸ்ரேலியப் பெண்மணி 2010-ல் வெளியிட்ட 'முற்றுப் பெறாத படம்' நம் கண்ணில் பட்டது. நாம் வகுப்பில் காட்டியது, 1942 மே மாதத்தில் நாஜிகளே ஆள் அனுப்பிப் பிடித்த படம்! ஒலியில்லாமல், முடிக்கப்படாமல், யுத்தத்துக்குப் பின் கிழக்கு ஜெர்மனியில் அகப்பட்டது. சரித்திரக்காரர்கள் வெகு காலம் அதை நம்பி எடுத்தாண்டார்கள். 1998-ல் வெட்டி ஒதுக்கிய வேறொரு சுருள் கிடைத்தது. அதில் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப நடிக்கச் செய்து பிடித்திருந்தார்கள். பசி பொய்யல்ல, பிணமும் பொய்யல்ல. விருந்துதான் ஏற்பாடு. நம் பையன் கேட்ட கேள்வியைப் பார்ப்பவர்கள் கேட்க வேண்டும் என்பதற்காகவே செய்த ஏற்பாடு.

யூத சபைத் தலைவர் ஆதாம் செர்னியாகோவ் இந்தப் படப்பிடிப்பைத் தம் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். அவ்வருஷம் ஜூலை 22-ல் ஜனங்களை ட்ரெப்ளிங்காக் கொலைக்களத்துக்கு ரயிலேற்றத் தொடங்கினார்கள். மறுநாள் அவர் தற்கொலை செய்துகொண்டார்.

ஹெர்ஸோன்ஸ்கி, அங்கிருந்து உயிர் தப்பிய முதியவர்களை இருட்டு அரங்கில் உட்கார வைத்து, அதே படத்தைக் காட்டுகிறார். திரையில் ஒரு வீட்டில் பூ ஜாடி வருகிறது. பூவைக் கண்டிருந்தால் அதையும் தின்றிருப்போமே என்கிறார் ஒரு மூதாட்டி. தெருவில் போகும் கூட்டத்தில் தம் தாயார் தென்படுவாரோ என்ற எண்ணம் அங்கே ஒருவரை விடவில்லை. அதற்கு மேல் நம்மால் தொடர்ந்து பார்க்க முடியவில்லை. சற்று நிறுத்திவிட்டுத்தான் பார்த்தோம்.

மறு வருஷம் அதே காட்சிகளை மறுபடியும் காட்டினோம். படத்தைப் பிடித்தவர் யார் என்பதை முதலில் சொல்லிவிட்டுத்தான் காட்டினோம். அந்தக் கடைசி பெஞ்சுப் பையன் அதற்குள் பரீட்சை தேறிப் போய்விட்டான். நாம் சொன்ன பதிலும் அவனோடு போயிற்று.