சம்பளச் சீட்டில் ஒரு 583

லோன் கேட்டு வருகிறவர்களின் சம்பளச் சீட்டைப் பார்த்துப் பார்த்தே எனக்குப் பாதி வயசு போச்சு. புனேவுக்கு மாற்றலாகி வந்த பிறகு குடோன், செக்யூரிட்டி, ஹவுஸ்கீப்பிங் ஆட்களின் சீட்டுகள் நிறைய. அதில் ஒரு வரி அடிக்கடி கண்ணில் படும்: போனஸ் 583. வேறு வேறு கம்பெனி, ஆனால் அதே 583. ஏன் இந்த எண் என்று கேட்டால் வாங்கினவருக்குத் தெரியாது.

கணக்கு இதுதான். 1965-ம் வருஷத்து போனஸ் சட்டப்படி குறைந்தபட்சம் 8.33 சதவீதம், அதாவது பன்னிரண்டில் ஒரு பங்கு. 2015-ல் அதைத் திருத்தி, அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்ந்து மாதம் 21,000 வரை வாங்குகிறவர்களுக்கு உண்டு என்றார்கள். (தங்கமணி உடனே கேட்டாள், "அப்போ உங்களுக்கு?" ஆபீசருக்கு இதில் ஒண்ணும் கிடையாதும்மா :-)) கணக்குப் போட 7,000 ரூபாய். அதில் 8.33 சதவீதம்தான் நம்ம 583.

ஆனால் அந்த வாக்கியம் 7,000-த்தோடு முடியவில்லை. 7,000 அல்லது அந்தத் தொழிலுக்கு அரசு நிர்ணயித்த குறைந்தபட்சக் கூலி, இரண்டில் எது அதிகமோ அது. கூலி 12,000 என்று வைத்துக்கொள்ளுங்கள். மாதம் 1,000 வரவேண்டும், 583 வருகிறது. வருஷத்துக்கு 5,000 ரூபாய் காணோம். ரெண்டு பிள்ளைகளைப் படிக்கவைக்கும் வாட்ச்மேனுக்கு அதுதான் ஊருக்குப் போய்வரும் டிக்கெட், தீபாவளித் துணி எல்லாம்.

வெள்ளைக்காரன் வாரக் கூலியை மாசச் சம்பளமாக்கி ஒரு மாசத்தை முழுங்கினான், அதைத்தான் தீபாவளிக்குத் திருப்பித் தருகிறார்கள் என்று வாட்ஸ்அப்பில் ஒரு கதை சுற்றும். நம்பாதீர்கள். நிஜக் கதை நடந்தது பம்பாய் மில்களில். முதல் உலகப்போர் சமயம், 1917-ல், யுத்த போனஸ் கொடுக்க ஆரம்பித்தார்கள். 1923-க்குக் கிடையாது என்று நிறுத்தியதும் 1924 ஆரம்பத்தில் பெரிய வேலைநிறுத்தம். பம்பாய் தலைமை நீதிபதி நார்மன் மக்லியாட் தலைமையில் கமிட்டி போட்டார்கள். கேட்டு வாங்கும் உரிமை தொழிலாளிக்கு இல்லை என்று அது சொல்லிவிட்டது. உரிமை என்று சட்டம் வர 1965 ஆச்சு.

இன்னமும் அதைத் தீபாவளி இனாம் என்றே நினைக்கிறார்கள். விழுப்புரம் பக்கத்துப் பையன் ஒருத்தன், எங்கள் கிளையில் கணக்கு வைத்திருக்கிறான். ஒரு குடோனில் காண்ட்ராக்டர் மூலமாக பேக்கிங் வேலை. 2025-ல் வேலையை விட்டான். மார்ச்சில் முடிந்த கணக்கு வருஷத்துக்கு போனஸ் கேட்டால், "வேலையில் இருக்கிறவனுக்குத்தான்" என்றார் காண்ட்ராக்டர். குடோன் கம்பெனியோ, "நீ எங்க ஆளே இல்லை" என்றது.

"சார், அவங்க சொல்றது சரியா?" என்றான்.

ரெண்டுமே தப்பு. அந்தக் கணக்கு வருஷத்தில் 30 நாள் வேலை செய்திருந்தாலே போதும். ராஜினாமா செய்தால் போனஸ் போகாது. திருட்டு, மோசடி, அடிதடி மாதிரி காரணத்துக்காக டிஸ்மிஸ் ஆனால்தான் போகும். 2025 நவம்பர் 21 முதல் பழைய சட்டத்தின் இடத்தில் ஊதியச் சட்டத் தொகுப்பு, 2019 நடைமுறைக்கு வந்திருக்கிறது. (தகுதிக்கான சம்பள வரம்பை இனி அரசு அறிவிக்கையில் சொல்லும்.) அதன்படி காண்ட்ராக்டர் கொடுக்காவிட்டால் வேலை நடக்கும் இடத்தின் உரிமையாளர் கொடுக்கவேண்டும். கேட்க மூன்று வருஷம் அவகாசம். கொடுத்தாச்சு என்று நிரூபிக்கவேண்டியதும் முதலாளிதான்.

எனக்குப் பிடித்தது இன்னொன்று. கணக்கு வருஷம் முடிந்து எட்டு மாசத்துக்குள் போனஸை வங்கிக் கணக்கில்தான் போடவேண்டும். கையில் கொடுத்தேன், கையெழுத்து வாங்கினேன் என்ற பேச்சுக்கே இடமில்லை. ஸ்டேட்மென்டில் இல்லையா, வரவில்லை.

பையனுக்கு ஸ்டேட்மென்ட் எடுத்துக் கொடுத்தேன். சம்பளச் சீட்டு, கேட் பாஸ் நகலோடு தொழிலாளர் துறை அலுவலகத்தில் மனு கொடுத்துவிட்டு வந்தான். பணம் இன்னும் வரவில்லை. ஆனால் அவனோடு வேலை பார்த்த நாலு பேர் போன வாரம் ஸ்டேட்மென்ட் கேட்டு வந்தார்கள். நாலு பேருக்கும் அதே 583. மனுவில் கையெழுத்துப் போட ஒருத்தர் தயார். மற்ற மூணு பேரும் இன்னும் அந்த குடோனில்தான் வேலை செய்கிறார்கள், யோசிக்கிறார்கள். யூனியன் மூலமாகவும் மனு கொடுக்கலாம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன்.