சொறிநாய்க்கு ஓர் இடம்

மனிதனை மனிதன் ஏசுவதற்கென்று நம்மவர் கைவசம் வைத்திருக்கும் வசைகளுள் மிகவும் கைபழகிய ஒன்று, வியாதிப்பட்ட ஒரு பிராணியின் பெயராய் இருப்பதன் விசித்திரத்தை, அந்த வசையின் அர்த்தமே உருவெடுத்தாற்போன்ற ஒரு ஜீவன் பம்பலப்பிட்டிப் புகையிரத நிலையத்தடியிலிருந்து என் பின்னாலேயே மரைன் டிரைவைக் கடந்து, எங்கள் தொடர்மாடிப் படியேறி வந்து நின்ற அன்றுதான் நான் யோசித்துப் பார்த்தேன்.

"தம்பி, உந்தச் சொறிநாயை ஏன் வீட்டுக்குள்ள அடுக்கிறீர்?" என்ற கீழ்வீட்டு மாமி, அதே மூச்சில், பழைய எஞ்சின் ஒயிலைப் பூசினால் மாறிவிடும் என்று ஔஷதமும் சொன்னார். பரோபகார சிந்தையோடு சொல்லப்படும் அந்த ஒயில், தோல் வழியாயும் நக்குவதாலும் உள்ளே போய் நஞ்சாகும் என்று மிருக வைத்தியர் தடுத்திராவிட்டால் நானும் பூசித்தான் இருப்பேன். அவர் தோலைச் சுரண்டி, பூதக்கண்ணாடியில் கண்டது, இத்தாலிய வைத்தியர் பொனோமோ 1687-இலேயே ரெடி என்னும் அறிஞருக்குக் கடிதமெழுதி வர்ணித்த சொறிப்பூச்சியின் இனத்தைத்தான். தோலுக்குள் வளை தோண்டி அது இடும் முட்டை மூன்று நான்கு நாளில் பொரித்து, இரண்டு மூன்று வாரத்தில் முதிர்ந்த பூச்சியாகிவிடும்.

மருந்தையும் ஸ்நானத்தையும் சிரத்தையாய் நடத்திய நான், குளித்து வந்த நாயை மறுபடியும் அதே பழைய சாக்கில் படுக்கவிட்டேன் என்பதை வெட்கத்தோடுதான் எழுதுகிறேன். இரண்டு வாரத்தில் அதன் அரிப்புக் குறையாததோடு, என் முன்னங்கையிலும் சிவந்த புள்ளிகள் தோன்றின. நாயின் பூச்சி மனித சரீரத்தில் பெருகி நிலைக்காது, நாய்க்குச் சுகமானால் உமக்கும் சுகமாகும் என்று சிரித்த வைத்தியர், சாக்கைப் பற்றிக் கேட்டதும் சிரிப்பை நிறுத்திவிட்டார்.

அதன் பிறகே வீடு ஆஸ்பத்திரியாயிற்று. சாக்கை எரித்து, கழுத்துப் பட்டியை எறிந்து, பின் விறாந்தையைக் கழுவி, நாயை அங்கே தனியே அடைத்து, இரண்டு பழைய சாரங்களைக் கிழித்து, நாளுக்கொரு துண்டாய் விரித்து, எடுத்த துண்டைக் கொதிநீரில் அவித்தேன். உடம்பை விட்டு விழுந்த பூச்சி சாதாரணமாய் ஓரிரு நாளில் செத்துப்போகுமெனினும், ஈரமும் குளிர்ச்சியும் இருந்தால் இன்னும் சில நாள் தாக்குப்பிடிக்குமாதலால், துணி காயாத மழைநாள்களில், கடற்காற்றின் ஈரத்தை நம்பாமல், அழுக்குத் துண்டுகளைப் பொலித்தீன் பையில் இறுகக் கட்டி ஒதுக்கிவைத்தேன். மயிரற்ற தோலைப் பின்னேர வெயில் சுடாதபடி ஒரு தட்டியும் கட்டியாயிற்று.

இவையெல்லாம் பிரயாசையல்ல. கதவின் கீழிடுக்கில் மூக்கை வைத்துக்கொண்டு, புகையிரதம் போகும் ஒவ்வொரு தடவையும் முனகிய அந்தப் பிராணியைத் தடவிக்கொடுக்காமல், கையுறை போட்டு மருந்து மட்டும் பூசிவிட்டு எழுந்து வருவதே எனக்குப் பெருஞ்சிரமமாயிருந்தது. கதவுக்கு இப்பால் கதிரையைப் போட்டு, பேப்பரை உரக்க வாசிக்கத் தொடங்கினேன். அரசியல் செய்திகளுக்கு அது நித்திரையாகிவிடும்.

இப்போது வலக்காதின் நுனி தவிர எங்கும் மயிர் முளைத்துவிட்டது. அவித்த சூடை மீன் தலைகளோடு படியேறி வரும் மாமி இன்னமும் "சொறிநாய்" என்றுதான் கூப்பிடுகிறார். அதுவும் வாலை ஆட்டிக்கொண்டு ஓடுகிறது.