பேரேடு வைத்துச் சிரிக்க வைத்தவர்

பிரெஞ்சு வழியில் படித்தவன் நான். பள்ளியில் சிரிப்பு என்றால் மோலியேர்தான். ஆங்கிலேயரின் மேடைச் சிரிப்பெல்லாம் ஓய்வு பெற்ற பிறகு யூடியூப் வழியாக வந்ததுதான். அப்படிப் பார்த்தவர்களில் மனதில் தங்கிவிட்டவர் பாப் மங்க்ஹவுஸ்.

1928இல் பிறந்தவர். இளம் வயதில் விமானப் படையில் கட்டாயப் பணி செய்தார். அப்போது, இவர் பெரிய போர் வீரர், குரல் தேர்வுக்கு அழைக்க வேண்டும் என்று பிபிசிக்குத் தானே ஒரு கடிதம் எழுதினார். மேலதிகாரி படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டார்! வேலையும் கிடைத்தது. குமாஸ்தாவாக இருந்தவர்களுக்கு இதில் ஆச்சரியம் இராது. கட்டோடு நீட்டினால் எந்த அதிகாரி படித்தார்?

பிறகு 'தி கோல்டன் ஷாட்', 'ஃபேமிலி ஃபார்ச்சூன்ஸ்' என்று தொலைக்காட்சிப் போட்டி நிகழ்ச்சிகள். 'வழவழவென்று பேசுகிறான், மனசில் ஒன்றும் இல்லை' என்று விமர்சகர்கள் பல வருடம் திட்டினார்கள். அந்த வழவழப்புக்குப் பின்னால் இருந்த உழைப்பு 1995இல்தான் ஊருக்குத் தெரிந்தது.

நகைச்சுவைத் துணுக்குகளைத் தன் கையால் எழுதிப் பேரேடுகளாக வைத்திருந்தார் மனிதர். அவற்றில் இரண்டு அந்த வருடம் திருட்டுப் போயின. மீட்டுத் தருபவருக்கு 15,000 பவுண்டு பரிசு அறிவித்தார். பதினெட்டு மாதம் கழித்துத்தான் திரும்பக் கிடைத்தன.

செய்தியைப் படித்துப் பலர் சிரித்திருப்பார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான் வேலை பார்த்த ஓர் அலுவலகத்தில் ஒருவருடைய பணிப் பதிவேடு தொலைந்தது. முப்பது வருடம் உழைத்த மனிதர், உழைத்ததற்குச் சாட்சி இல்லாமல் ஓய்வூதியத்துக்கு இரண்டு வருடம் அலைந்தார். ஏடு போனால் என்ன போகும் என்பது ஏடு வைத்தவனுக்குத்தான் தெரியும். சிரிப்பு நாக்கிலேயே பிறக்கிறது என்று நாம் நினைக்கிறோம். இவருக்கு அது பேனாவில் பிறந்தது.

தொலைக்காட்சி நிகழ்ச்சிகளையும் வீட்டிலேயே பதிவு செய்து சேர்த்து வைத்தார். நிறுவனங்கள் அழித்துவிட்ட சில நிகழ்ச்சிகள் இவர் இறந்த பிறகு இவர் வீட்டுச் சேகரிப்பிலிருந்துதான் கிடைத்தன. அரசாங்க ஆவண அறையைவிட இந்தத் தனி மனிதர் மேல்!

2003 டிசம்பரில் புராஸ்டேட் புற்றுநோயால் காலமானார். 2007இல் ஒரு விளம்பரம் வந்தது. பழைய படக்காட்சிகளை வைத்து, தன் கல்லறைக்குப் பக்கத்தில் தானே நின்று அந்த நோயைப் பற்றி இவர் கிண்டலாகப் பேசுவதுபோல் தயாரித்திருந்தார்கள். குரல் வேறொருவருடையது.

நம் வயது ஆண்களில் பாதிப் பேர் ராத்திரி நாலு தடவை எழுந்திருக்கிறோம். வீட்டில் வாய் திறப்பதில்லை. அந்த விளம்பரத்தைக் காலை நடை நண்பர்களுக்குக் கைப்பேசியில் போட்டுக் காட்டி, தமிழிலும் சொன்னேன். எல்லாரும் சிரித்தார்கள். கலைந்த பிறகு ஒருவர் மட்டும் தயங்கித் தயங்கி வந்து, இதற்கு எந்த டாக்டரிடம் போக வேண்டும் என்று கேட்டார்.