பூட்டிய உரிமமும் பின்சென்ற கடிகாரமும்

பிழைப்பை நாடி வெளியூர் வந்த நம்மவர்க்கு வாடகை வீட்டின் இயல்பைச் சொல்லித் தெரிவிக்க வேண்டுவதில்லை. பதினொரு மாதம் முடிந்ததும் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க வேண்டும்; கேட்ட சான்றுகளைக் காட்ட வேண்டும். இக்காலத்து மென்பொருள்கள் பலவும் அத்தகைய வாடகை வீடுகளே. 2013ஆம் ஆண்டில் அடோபி நிறுவனம் பிரீமியர் முதலியவற்றின் புதிய பதிப்புகளைச் சந்தா முறைக்கு மாற்றியது. பிறர் சிலரும் அவ்வழியே சென்றனர்.

நான் பயன்படுத்தும் படத்தொகுப்பு மென்பொருள் வேறு. அதன் பெயர் இங்கு வேண்டா. நம் சங்கத்து முதியோர் தாம் இவ்வூருக்கு வந்து சேர்ந்த வரலாற்றைச் சொல்ல, அதனைப் படம்பிடித்துத் தொகுத்து வருகின்றேன். சில மாதங்களாக, ‘உரிமம் செயற்படவில்லை’ என்னும் அறிவிப்பு அடிக்கடி தோன்றலாயிற்று. பணம் கட்டியாயிற்று, உரிம எண்ணும் சரியே. ஆயினும் கதவு திறவாது. சில மணி நேரம் கழித்துத் தானே திறக்கும். சில நாளில் மீண்டும் அடைத்துக்கொள்ளும்.

இதற்கிடையில், பேசிய பெரியவர் ஒருவர் காலமானார். பதினாறாம் நாள் சடங்கில் தந்தையின் குரலை உறவினர் கேட்க வேண்டும் என்று அவர் மகள் விரும்பினார். இனியும் காத்திருத்தல் இயலாது என்று காரணத்தை ஆராய முற்பட்டேன்.

உரிம எண் ஒன்றே போதும் என்று நாம் எண்ணுகின்றோம். மென்பொருளோ, தாய்ப்பலகை, வட்டு முதலிய உறுப்புகளின் அடையாளங்களைக் கொண்டு, ‘இது இன்ன கணிப்பொறி’ என்று குறித்துக்கொள்கின்றது. முக்கிய உறுப்பு மாறினால் புதிய பொறி என்று கருதிவிடலாம். ஓர் உரிமம் இத்தனை பொறிகளுக்கே என்ற வரம்பும் உண்டு. ஆகவே, பழைய பொறியை விற்குமுன் அதிலிருந்து உரிமத்தை விடுவித்துக்கொள்ளல் வேண்டும். பாதுகாப்பு மென்பொருள் இணைப்பைத் தடுப்பதும் உண்டு. இவை எவையும் என் பொறியில் காரணமாக இல்லை.

பின்னர், தடை நேர்ந்த நாள்களைக் குறித்து வைத்தேன். அவையெல்லாம் மின்வெட்டுக்குப் பிந்திய காலைப்பொழுதுகள்! அடுத்த முறை திரையின் மூலையை நோக்கினேன். பல ஆண்டுகளுக்கு முந்திய தேதி அங்கே நின்றது.

தாய்ப்பலகையில் காசளவான சிறு பேட்டரி ஒன்று உண்டு, பெரும்பாலும் சி.ஆர். 2032 என்னும் வகை. மின்சாரம் இல்லாதபோது கடிகாரத்தை ஓட்டுவது அதுவே. அது தளர்ந்தால் கடிகாரம் பின்சென்றுவிடும். அப்போது நிறுவனத்தின் இணையப் பாதுகாப்புச் சான்றிதழ் இனிமேல்தான் பிறக்கப்போவதாகப் பொறிக்குத் தோன்றும், இணைப்பு மறுக்கப்படும். பின்னர் இணையத்தின்வழி நேரம் திருந்தியதும் பூட்டுத் திறக்கும். விட்டுவிட்டு வந்த நோயின் மூலம் இதுதான்.

பேட்டரியை மாற்றியபின் தடை மீளவில்லை. பதினாறாம் நாளில் பெரியவரின் குரல் அவர் இல்லத்தில் ஒலித்தது.

அன்று முதல் ஒரு வழக்கத்தை மேற்கொண்டேன். தொகுத்து முடித்த ஒவ்வொன்றையும் எதிலும் ஓடக்கூடிய எம்.பி.4 வடிவில் எடுத்து, மூலப் பதிவுகளோடு இரண்டு தனி வட்டுகளில் வைக்கின்றேன். செயற்படுத்தும் எண்ணே தேவைப்படாத கேடன்லைவ் என்னும் கட்டற்ற மென்பொருளையும் பழகி வருகின்றேன். கருவி வாடகையாக இருக்கலாம். நம் பெரியோரின் குரல் என்றும் நம் கையிலேயே இருத்தல் வேண்டும்.