தூக்கி அடிக்காத ஸ்பெயின்காரனும் தென்னேரி ஏரிக்கரையும்

போன ஞாயித்துக்கிழமை அக்கா பையன் மூஞ்சியைத் தொங்கப் போட்டுக்கிட்டு வந்து நின்னான். வயசு பதிமூணு. ஏதோ ஒரு கால்பந்து முகாமுக்கு ஆள் எடுக்கறாங்கன்னு போயிருந்தான்.

"என்னடா ஆச்சு?"

"உயரம் பத்தலையாம் மாமா."

அவ்வளவுதான். சைக்கிளைச் சாத்திட்டு உள்ளே போயிட்டான். எனக்கு ஆறுதல் சொல்லக்கூட வாய் வரலை. ஏன்னா 1997-ல இதே வார்த்தையைக் கேட்டுட்டு இதே மாதிரி வீட்டுக்குத் திரும்பி வந்தவன் நான். ஆகவே மக்களே, கொஞ்சம் கொசுவத்தி, கொஞ்சம் வரலாறு. பொறுத்தருள்க.

எங்க ஊர் தென்னேரி. காஞ்சிபுரம் மாவட்டத்துல வாலாஜாபாத் பக்கம். ஊர் பேர்லயே ஏரி இருக்கு, மாவட்டத்துல இருக்கற பெரிய ஏரிகள்ல அதுவும் ஒண்ணு. கார்த்திகையில பார்த்தா கடல் மாதிரி நிக்கும். வைகாசியில தண்ணி உள்ளே போயிடும், கரையோரம் காஞ்ச தரை கிடைக்கும். அதுதான் எங்க வெம்ப்ளி. பாளம் பாளமா வெடிச்ச மண். தரையோட உருட்டினா பந்து எங்க திரும்பும்னு பந்துக்கே தெரியாது.

எங்களுக்கு ஆடச் சொல்லிக் கொடுத்தவர் பட்டாளத்துல இருந்து ஓய்வு பெற்று வந்த ஒரு தாத்தா. அவர்கிட்ட இருந்த மொத்தப் பாடமும் ரெண்டே வார்த்தை: "தூக்கி அடிடா!" பின்னாலிருந்து தூக்கி அடிக்கணும், முன்னால நெட்டையா ஒருத்தன் நின்னு தலையால முட்டணும். அவரைக் குத்தம் சொல்ல மாட்டேன். அவருக்குப் பட்டாளம் கத்துக் கொடுத்தது, பட்டாளத்துக்கு வெள்ளைக்காரன் கத்துக் கொடுத்தது. டூரண்ட் கோப்பையே 1888-ல சிம்லாவுல பிரிட்டிஷ் படைக்காரங்க தங்களுக்குள்ள ஆட ஆரம்பிச்சதுதான். நான் அந்த முகாமுக்குப் போனப்போ தாத்தாவோட கண்ணுலதான் அவங்களும் என்னைப் பார்த்தாங்க. பந்தை வாங்கி, திரும்பி, பக்கத்துல இருக்கறவனுக்குக் கொடுக்கற பையன் அவங்களுக்குத் தேவைப்படலை. ஸ்கேல் வச்ச சுவர்ல நிக்க வச்சுப் பார்த்துட்டு, "அடுத்த வருஷம் வாப்பா"ன்னுட்டாங்க. அடுத்த வருஷம் நான் வளரலை. அதுக்கடுத்த வருஷமும்.

நான் தறிக்குப் போயிட்டேன். அப்பாவோடது கோர்வைத் தறி. உடம்புக்கு ஒரு நாடா, ரெண்டு கரைக்கும் தனித்தனி நாடா. அப்பா தள்ளுவார், பக்கத்துல உட்கார்ந்து நான் வாங்கித் திருப்பித் தள்ளணும். ஒரு இழை தப்பினா கரை சேராது. பந்தைத்தான் விட்டேன், பாஸ் பண்றதை விடலை :)

2005 மே மாசம். கேபிள்ல சாம்பியன்ஸ் லீக் இறுதி ஆட்டம், இஸ்தான்புல். லிவர்பூலுக்கு முந்தின வருஷம்தான் ரஃபா பெனிடெஸ்னு ஒரு ஸ்பெயின்காரர் பயிற்சியாளரா வந்திருந்தார். இடைவேளையில மிலன் 3, லிவர்பூல் 0. "இது ஆகிற கதையில்லை"ன்னு டிவியை அணைச்சுட்டுத் தூங்கப் போயிட்டேன். மக்களே, வாழ்க்கையில நான் செஞ்ச மகா முட்டாள்தனங்கள்ல அதுக்கு முதல் மூணுக்குள்ள இடம் உண்டு. காலையில டீக்கடையில பேப்பர் பார்த்தா 3-3, பெனால்டியில லிவர்பூலுக்குக் கோப்பை! மூணாவது கோல் ஷாபி அலோன்சோ. அவரும் ஸ்பெயின்தான்.

அன்னைக்குப் பிடிச்ச பைத்தியம். ஆர்செனல்ல ஃபாப்ரிகாஸ், லிவர்பூல்ல டோரஸ், அப்புறம் மான்செஸ்டர் சிட்டியில டேவிட் சில்வா. இதுக்கெல்லாம் முன்னாடியே, 1995-ல, நாலாவது அடுக்குல கிடந்த விகன் கிளப்புக்கு மூணு ஸ்பெயின் பசங்க வந்தாங்க. அதுல ஒருத்தரான ராபர்ட்டோ மார்ட்டினெஸ், 2013-ல அதே விகனுக்குப் பயிற்சியாளரா இருந்து மான்செஸ்டர் சிட்டியைத் தோற்கடிச்சு எஃப்.ஏ. கோப்பை வாங்கிக் கொடுத்தார். 2016-ல பெப் குவார்டியோலா சிட்டிக்கு வந்தார். 2017-18 லீக்ல 100 புள்ளி. இங்கிலாந்தின் பள்ளிக்கூடப் பசங்க வரைக்கும் கோல்கீப்பர்ல ஆரம்பிச்சுத் தரையோட பாஸ் பண்ண ஆரம்பிச்சுட்டாங்க.

ஸ்பெயினோட நடுக்களத்துல ஷாவியும் இனியெஸ்டாவும் ரெண்டு பேருமே சுமார் 170 சென்டிமீட்டர்தான். 2010-ல உலகக் கோப்பையைத் தூக்கினப்போ நான் அளவு நாடாவை எடுத்து என்னை அளந்து பார்த்தேன். எவ்வளவுன்னு சொல்ல மாட்டேன்.

"அது அவங்க ரத்தத்துல ஊறினது"ன்னு டிவியில சொல்லுவாங்க. அதெல்லாம் டூப்பு. ஸ்பெயின் ரொம்ப காலம் தங்களோட ஆவேசத்தைத்தான் பெருமையாப் பேசிக்கிட்டிருந்தது. அங்க பந்தைக் கொண்டுபோனதே இங்கிலீஷ்காரன்தான். ஊவெல்வா பக்கம் ரியோ டின்டோ செப்புச் சுரங்கத்துக்கு வந்த பிரிட்டிஷ்காரங்க புண்ணியத்துல 1889-ல ரெக்ரியாட்டிவோ கிளப். பில்பாவோவுல கப்பல் பட்டறை ஆளுங்களும், இங்கிலாந்துல படிச்சுட்டு வந்த பாஸ்க் பசங்களும். அத்லெட்டிக்ங்கற பேரே இங்கிலீஷ்தான்.

அந்த பில்பாவோவுக்கு 1922-ல ஃப்ரெட் பென்ட்லாண்ட்னு ஒரு இங்கிலீஷ்காரர் பயிற்சியாளரா வந்தார். முதல் உலகப் போரப்போ ஜெர்மனியில மாட்டி, ரூலேபென் முகாம்ல கைதியா இருந்த மனுஷன். எப்பவும் தலையில வட்டத் தொப்பி, ஜெயிச்சா பசங்க அதைப் பிடுங்கி மிதிச்சு நசுக்கிடுவாங்களாம். முதல் நாள் அவர் சொல்லிக் கொடுத்தது ஷூ லேஸ் கட்டறதுதான்னு ஒரு கதை உண்டு. ரெண்டாவது பாடம், தூக்கி அடிக்காதே, பக்கத்துல இருக்கறவனுக்குக் கொடு. 1930, 1931 ரெண்டு வருஷமும் பில்பாவோதான் ஸ்பெயின் லீக் சாம்பியன். பார்சிலோனாவை 12-1னு துவைச்சதும் அவர் காலத்துலதான். இடையில மாட்ரிட்ல இருந்தப்போ, 1929 மே 15-ந் தேதி ஸ்பெயின் இங்கிலாந்தை 4-3னு ஜெயிச்சது. பிரிட்டனுக்கு வெளியே இருக்கற ஒரு நாட்டு அணிகிட்ட இங்கிலாந்துக்கு அதுதான் முதல் தோல்வி. ஸ்பெயின் பக்கம் உதவிக்கு நின்னவர் பென்ட்லாண்ட்! 1931-ல லண்டனுக்கு வரவழைச்சு 7-1னு பழி தீர்த்துக்கிட்டாங்க. கத்துக்க ஒண்ணும் இல்லைன்னு அதோட முடிச்சுட்டாங்கன்னுதான் எனக்குத் தோணுது.

இன்னொரு கிளையும் அங்கிருந்துதான் போச்சு. ஹாலந்துல அயாக்ஸ் கிளப்பை வருஷக்கணக்கா வளர்த்த ஜாக் ரெனால்ட்ஸ் ஒரு இங்கிலீஷ்காரர். அவர்கிட்ட ஆடினவர் ரினஸ் மிகெல்ஸ். 1964-ல க்ரைஃபை முதல்முதலா அயாக்ஸ் அணியில இறக்கினவர் விக் பக்கிங்ஹாம், அவரும் இங்கிலீஷ்காரர். அவரே 1969-ல பார்சிலோனாவுக்குப் பயிற்சியாளரா போனார். அடுத்து 1971-ல அங்க மிகெல்ஸ், 1973-ல ஆட்டக்காரரா க்ரைஃப். 1988-ல க்ரைஃப் பயிற்சியாளரா வந்து, 1990-ல குவார்டியோலாங்கற ஒல்லிப்பிச்சான் பையனை இறக்கிவிட்டார். அந்தப் பையன்தான் 26 வருஷம் கழிச்சு மான்செஸ்டருக்கு வந்து இங்கிலீஷ்காரனுக்கே பாடம் எடுத்தது.

இதுல எனக்கு ரொம்பப் பிடிச்சது இன்னும் பழைய சங்கதி. 1872 நவம்பர் 30, ஸ்காட்லாந்து - இங்கிலாந்து, உலகத்தோட முதல் அதிகாரபூர்வ சர்வதேச ஆட்டம். இங்கிலாந்து ஆளுங்க எடை கூடினவங்க, ஆளுக்கொருத்தனா பந்தை உருட்டிக்கிட்டு முட்டி மோதுவாங்க. ஸ்காட்லாந்து பசங்க சோனி. மோதினா எலும்பு மிஞ்சாது. அதனால பந்தைப் பக்கத்துல இருக்கறவனுக்குக் கொடுத்துட்டு நகர்ந்துக்கிட்டாங்க. ஆட்டம் 0-0. ஆக, பாஸ் பண்ற ஆட்டத்தை வளர்த்து விட்டதே உடம்பு பத்தாதவங்கதான்!

சரி, நம்ம ஊருக்கு வருவோம். தூக்கி அடிக்கறதை வெள்ளைக்காரன் நேரா நம்மகிட்ட கொடுத்தான். தரையோட ஆடறது ஸ்பெயினைச் சுத்திக்கிட்டு நூறு வருஷம் தாமதமா வந்தது. 2014-ல இந்தியன் சூப்பர் லீக் ஆரம்பிச்சப்போ கொல்கத்தா அணியில அத்லெட்டிகோ மாட்ரிட் பங்குதாரர். முதல் கோப்பை அவங்களுக்குத்தான், பயிற்சியாளர் அபாஸ். அதுலேர்ந்து 2025 வரைக்கும் 11 கோப்பையில எட்டு ஸ்பெயின் பயிற்சியாளர்களுக்குப் போயிருக்கு. மிச்சம் மூணுல ரெண்டு நம்ம சென்னையின் அணி. 2015-ல இத்தாலிக்காரர், 2018-ல ஜான் கிரகரி, அசல் இங்கிலீஷ்காரர். அந்த 2018 இறுதி ஆட்டத்துல, பார்சிலோனாவுல வேலை பார்த்த ஆல்பர்ட் ரோகாவோட பெங்களூரை மெயில்சன் ஆல்வெஸ் ரெண்டு தலைமுட்டு கோல் போட்டுச் சாய்ச்சார். எங்க தாத்தா இருந்திருந்தா அன்னைக்கு என்னை ஒரு பார்வை பார்த்திருப்பார்.

ஆனா எனக்கு சென்னையின் இல்லை, சென்னை சிட்டிதான். பேர்தான் சென்னை, ஆடினது கோயமுத்தூர் நேரு ஸ்டேடியத்துல. 2018-19 ஐ-லீக்குக்கு சிங்கப்பூர்க்காரர் அக்பர் நவாஸ் பயிற்சியாளர். ஸ்பெயின்லேர்ந்து நெஸ்டர், சாண்ட்ரோ, எஸ்லாவா, கூடவே உருகுவேயில பிறந்த பெட்ரோ மான்சி. அவர் மட்டும் அந்த சீசன்ல 21 கோல். நெஸ்டர், டேவிட் சில்வா பிறந்த அதே கிரான் கனாரியா தீவு. அவங்களோட எட்வின், ரொமாரியோ, அஜித் குமார்னு நம்ம பசங்க தரையோட பாஸ் பண்ணி ஆடினதை டிவியில பார்க்கப் பார்க்க நமக்கு இருப்பு கொள்ளலை.

2019 மார்ச் 9, சனிக்கிழமை, கடைசி ஆட்டம். தறியை நிறுத்திட்டு அரக்கோணத்துல ரயிலேறினேன். "சேலைக்குக் கெடு இருக்கு, பந்து பார்க்கப் போறியா?"ன்னு வீட்டுல கேட்டது இன்னும் காதுல இருக்கு. நாம ஜெயிச்சா கோப்பை. தவறினா ஈஸ்ட் பெங்காலுக்குப் போயிடும், அங்கயும் பயிற்சியாளர் ஸ்பெயின்காரர்தான். ஆரம்பத்துலயே மினர்வா பஞ்சாப் ஒரு கோல் போட்டுட்டாங்க. இடைவேளை வரைக்கும் அதே 0-1. இஸ்தான்புல் ஞாபகம் வந்தது, இந்த தடவை எழுந்திருக்கலை. மான்சி பெனால்டியில ஒண்ணு, கௌரவ் போரா ரெண்டு. 3-1! அந்தப் பக்கம் ஈஸ்ட் பெங்காலும் ஜெயிச்சிருந்தது. 43 புள்ளி, 42 புள்ளி. ஒரே ஒரு புள்ளி. பக்கத்துல இருந்த முன்பின் தெரியாத பெரியவரைக் கட்டிப் பிடிச்சேன். அவரும் என் உயரம்தான்.

அந்த அணி 2021-க்கு அப்புறம் ஐ-லீக்ல இல்லை. அது வேற சோகம், தனியா எழுதணும்.

நேத்து சாயங்காலம் அக்கா பையனை ஏரிக்கரைக்குக் கூட்டிக்கிட்டுப் போனேன். தண்ணி வத்திக் கிடந்தது. ஒரு ஓரமா ரெண்டு பேரும் மண்வெட்டியால பத்தடிக்கு வெடிப்பை நிரவி, தண்ணி தெளிச்சு மிதிச்சோம். பந்தைத் தரையோட தட்டிவிட்டேன். பாதி தூரத்துல ஒரு மேட்டுல பட்டுத் திரும்பிடுச்சு.

"மாமா, அங்க இன்னும் கொஞ்சம் நிரவணும்"ன்னான்.

இன்னைக்கும் போறோம். சேலை நாளைக்குத்தான் முடியும்.